பட்டம் கட்டிய நாளில் வெட்டிய கல்

கொங்கின் தொன்னகரங்கள் – 12

பேரூரில் நொய்யலோடு கிளம்பினோம். வெள்ளலூர், சூலூர், கத்தாங்கண்ணி என்று ஊர் ஊராக இறங்கி, சென்ற இதழில் கொடுமணலின் இரும்பு உலைகளையும் மணிக்கல் பட்டறைகளையும் பார்த்தோம். அங்கிருந்து கிழக்கே ஓடும் ஆறு கரூர் மாவட்டத்தில் காவிரியோடு கலந்துவிடுகிறது. கலக்கும் இடத்திலுள்ள சிற்றூருக்கும் நொய்யல் என்றுதான் பெயர். காவிரியின் வலக்கரையைப் பிடித்துக்கொண்டு இன்னும் சற்றுக் கீழே போனால் புகழூர். காகித ஆலையும் சர்க்கரை ஆலையும் இருக்கும் ஊராகத்தான் இன்று பலருக்கும் அதைத் தெரியும்.

கரூரிலிருந்து சேலம் போகும் நெடுஞ்சாலையில், வேலாயுதம்பாளையத்தை ஒட்டி ஒரு பாறைக் குன்று இருக்கிறது. ஆறுநாட்டார் மலை. உச்சியில் முருகன் கோயில். சரிவில், பாறை முன்னுக்கு நீண்டு கூரைபோல் கவிந்த இடங்களில் குகைத்தளங்கள். உள்ளே தலைப்பக்கம் சற்றே உயர்த்திச் செதுக்கிய வழுவழுப்பான கற்படுக்கைகள். மழைத் தண்ணீர் உள்ளே வழிந்துவிடாமல் இருக்க, கூரைப்பாறையின் நெற்றியில் நீளமாக ஒரு காடி வெட்டியிருக்கிறார்கள். சமணத் துறவிகள் தங்கிய பள்ளி இது.

அந்தப் பாறையில் தமிழின் பழைய எழுத்தான தமிழியில் சில வரிகள் உள்ளன. யாற்றூரைச் சேர்ந்த செங்காயபன் என்னும் மூத்த அமணர் உறையும் இடம் இது. கோ ஆதன் செல்லிரும்பொறையின் மகன் பெருங்கடுங்கோ, அவர் மகன் இளங்கடுங்கோ, இளங்கோ ஆனபோது வெட்டிக் கொடுத்த கல் இது. இவ்வளவுதான் செய்தி. இதையே குன்றில் இரண்டு இடங்களில் பொறித்திருக்கிறார்கள். 1960களில் இந்த வரிகளைத் திருத்தமாகப் படித்து, இவை சங்ககாலச் சேரர்களின் கல்வெட்டு என்று நிறுவியவர் ஐராவதம் மகாதேவன். எழுத்தின் வடிவத்தை வைத்து அவர் குறித்த காலம் கி.பி. 2-ஆம் நூற்றாண்டு.

இந்த வரிகளில் ஒரு போர் இல்லை, புகழ்மாலை இல்லை. ஒரு சடங்கு இருக்கிறது. அரசன் மகனுக்கு இளவரசுப் பட்டம் கட்டுகிறார்கள். அந்த நாளின் நினைவாக, முதிய துறவி ஒருவர் தலைசாய்க்கப் பாறையில் படுக்கை வெட்டித் தருகிறார்கள். பட்டம் கட்டிய மண்டபம் எங்கே இருந்தது, எப்படி இருந்தது என்று காட்ட இன்று ஒரு தூண்கூட நிற்கவில்லை. அன்றைக்குக் கொடுத்த படுக்கை மட்டும் இருக்கிறது.

இந்தக் குன்றிலிருந்து ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தொலைவில், அமராவதிக் கரையில் இருக்கும் கரூர்தான் அந்தப் பட்டத்துக்குரிய தலைநகர். சங்கப் பாட்டில் கருவூர் என்றும் வஞ்சி என்றும் வருவது. அந்த அரச நகரின் கதைதான் இந்த இதழில்.

சடங்குக்கென்று எழுந்த நகரம்

அரச விழாக்களுக்காகவே எழுப்பிய தலைநகரம் என்றால் உலகம் முதலில் நினைப்பது பாரசீகத்தின் பெர்செபோலிசை. இன்றைய ஈரானில் ஷிராஸ் நகருக்கு வடகிழக்கே, மலையடிவாரத்தில் பாறையைச் செதுக்கியும் கல் அடுக்கியும் உயர்த்திய பெரிய மேடையின் மேல் அது நிற்கிறது. பேரரசன் முதலாம் தாரியஸ் கி.மு. 518 அளவில் அதைத் தொடங்கினான். மகன் செர்க்சசும் பின்வந்தவர்களும் கட்டிக்கொண்டே போனார்கள். ஆட்சி நிர்வாகத்துக்கு சூசா, பாபிலோன், எக்பட்டானா என்று வேறு நகரங்கள் இருந்தன. பெர்செபோலிஸ் பேரரசின் மாட்சியைக் கண்ணுக்குக் காட்டும் இடம்.

அதன் பெரிய கொலுமண்டபமான அபதானாவில் 72 கல்தூண்கள் நின்றன. இன்றைக்கு நிற்பவை 13. மண்டபத்துக்கு ஏறும் படிக்கட்டுச் சுவர்களில், பேரரசுக்கு உட்பட்ட 23 நாட்டுத் தூதுக் குழுக்கள் வரிசையாகக் காணிக்கை கொண்டுவரும் காட்சி புடைப்புச் சிற்பமாக உள்ளது. ஒரு நாட்டார் திமில் காளையை ஓட்டி வருகிறார்கள், இன்னொரு நாட்டார் ஒட்டகத்தை, வேறொருவர் துணிமணியை. சிந்துவெளிப் பக்கத்து இந்தியர்களும் அந்த வரிசையில் உண்டு. வெற்று மார்போடு, காவடிபோல் தோளில் தூக்கிய தட்டுகளில் சிறு பைகளைச் சுமந்து வருகிறான் ஒருவன். பைகளில் இருப்பது பொன்துகள் என்பார்கள். உலகமெல்லாம் ஓர் அரசனை நோக்கி நடந்து வருவதை அந்தச் சுவர் சொல்கிறது.

கி.மு. 330-இல் அலெக்சாந்தரின் படை அந்த நகரைச் சூறையாடியது, அரண்மனைகள் தீக்கிரையாயின. கருவூலத்தைச் சுமந்து போக ஆயிரக்கணக்கான கோவேறு கழுதைகளும் ஒட்டகங்களும் வேண்டியிருந்தன என்று கிரேக்க ஆசிரியர்கள் எழுதிவைத்தார்கள். கூரை எரிந்தது, கல் நின்றது. 1930களில் சிக்காகோ பல்கலைக்கழகத்தின் அகழாய்வாளர்கள் மண்ணை அகற்றியபோது சிற்பங்களோடு ஆயிரக்கணக்கான களிமண் பலகைகளும் கிடைத்தன. எந்த வேலைக்காரருக்கு எத்தனை படி தானியம், எந்தத் தாய்க்கு எவ்வளவு ஒயின் என்று ஈலமிய மொழியில் எழுதிய பங்கீட்டுக் கணக்குகள் அவை. சுவர்ச் சிற்பம் வாங்கியதைக் காட்ட, மண்ணுக்குள் கிடந்த பலகைகள் கொடுத்ததைக் காட்டின.

பெர்செபோலிஸ் எரிந்ததற்கும் புகழூர்க் கல்வெட்டுக்கும் இடையே ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டு இடைவெளி. பரப்பிலும் செல்வத்திலும் இரண்டு அரசுகளையும் ஒரே தட்டில் வைக்க முடியாது. ஆனாலும் ஒரு கேள்வியை இரண்டிடமும் கேட்கலாம்: அரசன் தன் பெருநாளை எதைக்கொண்டு நினைவில் நிறுத்தினான்? பாரசீக அரசன் தனக்கு வந்து சேர்ந்ததைக் கல்லில் வடித்தான். சேரன் தன் கையைவிட்டுப் போனதைக் கல்லில் எழுதினான். கருவூரைப் பற்றி நமக்குக் கிடைத்திருக்கும் சான்றுகள் பெரும்பாலும் இந்த இரண்டாவது வகையைச் சேர்ந்தவை.

வஞ்சி எது?

கருவூரும் வஞ்சியும் ஒன்றுதானா என்ற வழக்கு ஒரு நூற்றாண்டுக்கு மேலாக நடந்துவருகிறது. கனகசபைப் பிள்ளை 1904-இல் வெளியிட்ட நூலில் வஞ்சியைக் கேரளத்துத் திருக்கரூரில் வைத்தார். கொடுங்கோளூரை அடுத்த திருவஞ்சைக்களமே வஞ்சி என்று கே.ஜி. சேஷய்யர் எழுதினார். கொங்குநாட்டுக் கரூர்தான் வஞ்சி என்று நிறுவவே இரா. இராகவையங்கார் ‘வஞ்சிமாநகர்’ என்று தனி நூல் எழுதினார். மேற்குக் கரைக் கட்சிக்குச் சிலப்பதிகாரத்தின் வஞ்சிக்காண்டம் துணை. கரூர்க் கட்சிக்குத் துணை எவை?

முதல் சாட்சி ஆறு. புறநானூற்றின் 11-ஆம் பாட்டு பேய்மகள் இளவெயினி என்ற பெண்பாற் புலவர் பாடியது. வஞ்சிக்குரிய அரசனான பெருங்கடுங்கோவைப் பாடும்போது, அந்த நகரத்துச் சிறுமியர் மணலில் பாவை செய்து, பூப்பறித்துச் சூட்டி, பொருநைத் தண்ணீரில் பாய்ந்து ஆடுவதைச் சொல்கிறார். பொருநை என்றும் ஆன்பொருநை என்றும் வருவது அமராவதி. அகநானூற்றின் 93-ஆம் பாட்டில் நக்கீரர் அதே ஆற்று மணலைச் சொல்லும்போது கருவூர்த் துறையின் பெயரையும் சேர்த்தே சொல்கிறார். வஞ்சிக்கும் கருவூருக்கும் ஆறு ஒன்று.

இரண்டாவது சாட்சி வெளிநாட்டவர். கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவிலிருந்து நிலநூல் எழுதிய தாலமி, கேரோபோத்ரோசின் அரசிருக்கை கரூரா என்று குறித்தார். கேரோபோத்ரோஸ் என்பது அசோகரின் கல்வெட்டுகளில் கேரளபுத்திரர் என்று வரும் சேரர். அரசிருக்கையான அந்த ஊரைக் கடற்கரைத் துறைகளோடு சேர்க்காமல் உள்நாட்டு ஊர்களோடு அவர் வைக்கிறார்.

மூன்றாவது சாட்சி நாம் முதலில் பார்த்த கல். ஆறுநாட்டார் மலையில் அரச கல்வெட்டோடு வேறு சில கொடையாளர்களின் பெயர்களும் உள்ளன. அவர்களில் ஒருவர் கருவூர்ப் பொன்வாணிகர் நத்தி. இளவரசன் கொடுத்த அதே குன்றில் தலைநகரத்துப் பொன் வணிகரும் ஓர் இருக்கை அமைத்துக் கொடுத்திருக்கிறார். ஊரின் பெயரும் அரச குடியின் பெயரும் ஒரே பாறையில், ஒரே வகை எழுத்தில் இருக்கின்றன.

சேரர்கள் ஒரே கிளையினர் அல்லர். மேற்குக் கரையை ஆண்ட உதியன் மரபு ஒன்று, கொங்கை ஆண்ட இரும்பொறை மரபு ஒன்று. இரண்டு கிளைக்கும் பொதுவான பெருமைப் பெயராக வஞ்சி வழங்கியிருக்கலாம். ஆனால் இரும்பொறையர் முடிசூடிய வஞ்சி கொங்கிலே, அமராவதிக் கரையிலே இருந்தது என்பதில் எனக்கு ஐயமில்லை.

மூன்று தலைமுறை

பதிற்றுப்பத்து சேர அரசர் பத்துப் பேரைப் பத்துப் புலவர் பாடிய தொகுப்பு. முதல் பத்தும் கடைசிப் பத்தும் கிடைக்கவில்லை. எஞ்சிய எட்டையும் உ.வே. சாமிநாதையர் 1904-இல் அச்சிட்டார். அதில் ஏழாம் பத்தின் தலைவன் செல்வக்கடுங்கோ வாழியாதன், பாடியவர் கபிலர். எட்டாம் பத்தின் தலைவன் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை. பாடியவர் அரிசில் கிழார். ஒன்பதாம் பத்தின் தலைவன் இளஞ்சேரல் இரும்பொறை. பாடியவர் பெருங்குன்றூர் கிழார்.

புகழூர்ப் பாறையில் இருக்கும் மூவரும் இவர்களே என்பது மகாதேவனின் முடிவு. ஆதன் என்ற பெயரும் இரும்பொறை என்ற குடிப்பெயரும் பெரும், இளம் என்ற முன்னொட்டுகளும் வரிசை மாறாமல் பொருந்துகின்றன. இடிக்கும் இடம் ஒன்று உண்டு. பதிற்றுப்பத்தின் பதிகம் இளஞ்சேரல் இரும்பொறையின் தந்தை குட்டுவன் இரும்பொறை என்கிறது. கல்வெட்டோ இளங்கடுங்கோவைப் பெருங்கடுங்கோவின் மகன் என்கிறது. பதிகங்கள் பாடல்களுக்குப் பின்னால் எழுதிச் சேர்த்தவை. கல் அந்தக் காலத்திலேயே வெட்டியது. இரண்டும் முரண்படும்போது கல்லின் சொல்லுக்கு எடை கூடுதல்.

வேறொரு கருத்தும் உண்டு. சங்கத்தொகையில் பாலை பாடிய பெருங்கடுங்கோ, மருதம் பாடிய இளங்கடுங்கோ என்று இரண்டு அரசப் புலவர்கள் இருக்கிறார்கள். கல்லில் இருக்கும் தந்தையும் மகனும் அவர்களே என்பார் சிலர். அப்படியானால், துறவிக்குப் படுக்கை வெட்டிய அந்த இளங்கோ, மருதத்திணைக் காதலையும் ஊடலையும் பாடிய கவிஞனும் ஆவான். பெயர்கள் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போவதால் இதையும் தள்ளிவிட முடியாது. எந்தக் கருத்தை ஏற்றாலும் ஒன்று உறுதிப்படுகிறது: கபிலரும் அரிசில் கிழாரும் இளவெயினியும் பாடிய இரும்பொறைக் குடி கற்பனையில் பிறந்ததில்லை, கொங்கின் பாறையில் மூன்று தலைமுறைப் பெயரோடு நிற்கும் குடி அது.

அரண்மனைக்குள்ளே

அந்தக் குடியின் சடங்குகளைப் பாட்டின் வழியாகத்தான் பார்க்க முடிகிறது. இரும்பொறை அரண்மனையில் முரசுக்கென்று தனிக் கட்டில் இருந்தது. முரசு அரசின் தெய்வம். அதை நீராட்ட எடுத்துச் செல்வார்கள். மயிற்பீலியும் பூவும் சூட்டித் திரும்பக் கொண்டுவந்து கட்டிலில் வைப்பார்கள். அப்படி முரசு நீராடப் போயிருந்த ஒரு நாளில், நெடுவழி நடந்து வந்த மோசிகீரனார் என்ற புலவர் மெத்தென்றிருந்த அந்தக் கட்டிலில் அறியாமல் படுத்துத் தூங்கிவிட்டார். அது வெட்டுக்குரிய குற்றம். வாளோடு வந்த பெருஞ்சேரல் இரும்பொறை, கிடப்பவர் புலவர் என்று கண்டதும் வாளை விட்டுவிட்டுச் சாமரம் எடுத்து வீசினான். விழித்த புலவர் பாடியதுதான் புறநானூற்றின் 50-ஆம் பாட்டு.

இந்தக் கதையை நாம் பள்ளிக்கூடத்தில் தமிழ்ப்பற்றுக்கு எடுத்துக்காட்டாகப் படித்திருக்கிறோம். ஓர் அரச நகரின் வரலாற்றுக்குள் வைத்துப் பார்த்தால் இன்னொன்றும் தெரியும். முரசுக் கட்டில் எவ்வளவு கடுமையான விலக்கு உடையதோ, அவ்வளவு பெரியது அந்த விலக்கை அரசன் தானே தளர்த்திய செயல். சடங்கின் கட்டுப்பாடு அரசனுக்குத் தெரியும். அதற்கு மேலான ஒன்று உண்டு என்பதும் தெரியும். அதே குடியின் இன்னொரு இளைஞன் பட்ட நாளில் துறவிக்குக் கற்படுக்கை அமைத்ததை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அரண்மனைக் கட்டிலில் களைத்த புலவர், மலைக்குகையில் முதிய துறவி. இருவருக்கும் இடம் கொடுத்தது ஒரே குடி.

கருவூரில் அரியணை ஏறியதையே பெயராகக் கொண்ட அரசன் ஒருவனும் உண்டு: கருவூர் ஏறிய ஒள்வாட் கோப்பெருஞ்சேரல் இரும்பொறை. அவனைக் கண்டு நரிவெரூஉத்தலையார் பாடியது புறநானூற்றின் 5-ஆம் பாட்டு. யானைக்கூட்டம் நிறைந்த காட்டுநாட்டின் தலைவனே, அருளும் அன்பும் இல்லாதவர்களோடு சேராதே, குழந்தையை வளர்ப்பவர்போல் உன் நாட்டைக் காப்பாற்று என்று புதிதாக அரசேறியவனிடம் அறிவுரை சொல்கிறார். அரியணை ஏறிய ஊரில் அரசன் இப்படி ஒரு சொல்லைக் கேட்டுக்கொண்டான். அதைச் சொன்னவர் பெயரும் பாட்டோடு சேர்ந்து காப்பாற்றப்பட்டது.

கொடையின் அளவையும் பதிகங்கள் எண்ணிச் சொல்கின்றன. கபிலருக்கு நூறாயிரம் காணம் பொன்னும், நன்றா என்னும் குன்றின் மேல் ஏறிக் கண்ணுக்குத் தெரிந்த நாடெல்லாமும். அரிசில் கிழாருக்கு ஒன்பது நூறாயிரம் காணத்தோடு அரசு கட்டிலையே கொடுத்துவிட்டு, அரசனும் தேவியும் அரண்மனைக்கு வெளியே வந்து நின்றார்கள். புலவர் அரசை மறுத்து அமைச்சுப் பொறுப்பை மட்டும் ஏற்றார். பாட்டுக்குப் பரிசு பெறும் பாணர்களும் வெறுங்கையோடு போகவில்லை. பாடினிக்குப் பொன் அணி, பாணனுக்கு வெள்ளி நாரில் தொடுத்த பொற்பூ என்று இளவெயினி பாடுகிறார்.

இந்தப் பொன் எங்கிருந்து வந்தது என்று கேட்காமல் விடக்கூடாது. ஒரு பங்கு போரில் வந்தது. பெருஞ்சேரல் இரும்பொறையின் பட்டப்பெயரே தகடூரை அழித்தவன் என்பதுதான். பகைவர் ஊரை எரித்ததையும் திறை கொண்டதையும் பதிற்றுப்பத்து மறைக்கவில்லை, பெருமையாகவே சொல்கிறது. கருவூரும் அந்தத் துன்பத்தைத் தானே பட்டிருக்கிறது. சோழன் கிள்ளிவளவன் அதை முற்றுகையிட்டான். ஊர்ச் சிறுமியர் பொற்கழங்கு ஆடும் ஆன்பொருநை வெண்மணல் சிதைய, காவல்மரங்களைக் கோடரி வெட்டும் ஓசை அரண்மனை வரை கேட்டது என்று ஆலத்தூர் கிழார் அந்தச் சோழனிடமே பாடினார். உள்ளே அடைந்து கிடப்பவனோடு நீ பொருவது உனக்கே நாணம் என்று சொல்லிப் போரைத் தடுக்கப் பார்த்தார். வஞ்சி வாடியதை மாறோக்கத்து நப்பசலையார் பாடியிருக்கிறார்.

பொன்னின் வழி

மற்றொரு பங்கு வணிகத்தில் வந்தது. அதன் தடத்தைத்தான் இத்தனை இதழ்களாகத் தொடர்ந்து வந்தோம். மேற்குக் கடலில் முசிறித் துறை. அங்கிருந்து பாலக்காட்டுக் கணவாய் வழியாகக் கொங்கு. நொய்யல் கரையோடு பேரூர், வெள்ளலூர், சூலூர், கொடுமணல். பிறகு கருவூர். அங்கிருந்து காவிரியோடு உறையூர், புகார். இரண்டு கடலையும் இணைத்த பெருவழியின் நடு முடிச்சு கருவூர். வழியெல்லாம் பொருள் விளையும் நாடு: படியூரில் நீலப்பச்சைக் கல், சென்னிமலை வட்டாரத்தில் இரும்பு, மலையில் மிளகு, காட்டில் தந்தம்.

வெள்ளலூரில் 1842-இல் ஒரே புதையலில் 522 உரோமானிய வெள்ளிக் காசுகள் கிடைத்தன. பெரும்பாலும் அகஸ்டஸ், திபேரியஸ் காலத்தவை. கரூரிலும் உரோமானியக் காசுகள் பலமுறை கிடைத்திருக்கின்றன. அமராவதி மணலில் கிடைத்த சேரர் காசுகளை ஆர். கிருஷ்ணமூர்த்தி தேடிச் சேகரித்துப் படித்து வெளியிட்டார். மாக்கோதை, குட்டுவன் கோதை, கொல்லிப்பொறை, கொல்லிரும்பொறை என்று அரசர் பெயரைத் தமிழி எழுத்தில் தாங்கியவை அவை. மாக்கோதையின் வெள்ளிக் காசில் உரோமானியக் காசைப் பார்த்துச் செய்ததுபோல் அரசனின் தலை உள்ளது. பெயர் பொறித்த மோதிரங்கள், ஆணும் பெண்ணுமாக இருவர் நிற்கும் உருவம் செதுக்கிய பொன் மோதிரம் என்று அந்த மணல் இன்னும் பலவற்றைக் கொடுத்திருக்கிறது.

தமிழ்நாடு தொல்லியல் துறை 1970களில், இரா. நாகசாமி இயக்குநராக இருந்தபோது, கரூரில் அகழாய்வு செய்தது. மத்தியதரைக்கடல் பக்கத்து மதுச்சாடியின் உடைசல்கள், தமிழி எழுத்துக் கீறிய பானையோடுகள், செங்காவி பூசிக் கோடு வரைந்த கொங்குப் பானைகள் எல்லாம் கிடைத்தன. அரண்மனை கிடைக்கவில்லை.

ஏன் கிடைக்கவில்லை என்பதற்குக் காரணம் எளிது. சங்ககாலத்துக் கட்டடம் செங்கல், மரம், சுதை. பெர்செபோலிசைப்போல் கல்லில் எழுப்பியதில்லை. அதைவிடப் பெரிய காரணம், கரூர் ஒருநாளும் காலியாகவில்லை. பெர்செபோலிசைத் தீக்குப்பின் தலைநகராக எவரும் ஆளவில்லை. மண் மூடிக் காத்தது. கரூரில் சேரருக்குப் பின்னும் ஊர் இருந்தது. ஆநிலைப் பசுபதீசுவரரைத் திருஞானசம்பந்தர் பாடினார். சோழர் காலக் கல்வெட்டுகள் ஊரைக் கருவூரான முடிவழங்கு சோழபுரம் என்று அழைத்தன. அரசு மாறியும் முடியின் நினைவு ஊர்ப்பெயரில் தங்கியது. பிறகு நாயக்கர், மைசூரார், கும்பினியார். இன்றைக்குத் திரைச்சீலையும் படுக்கைவிரிப்பும் உலகுக்கு அனுப்பி, கொசுவலையும் பேருந்துக் கூடும் செய்யும் ஊர். ஒவ்வொரு தலைமுறையும் பழைய செங்கல்லை எடுத்துப் புதுச் சுவர் வைத்தது. அரண்மனை கரைந்து ஊருக்குள்ளேயே போய்விட்டது.

எது தங்கியது

அலெக்சாந்தரின் வீரர்கள் பெர்செபோலிஸ் கருவூலத்தை வழித்தெடுத்தார்கள். கருவூரை முற்றியவர்களும் கையில் கிடைத்ததை எடுத்திருப்பார்கள். அரசன் தன்னிடம் வைத்திருந்த எதுவும் தப்பாது. அதுதான் போரின் இயல்பு. அவன் முன்னமே கொடுத்துவிட்டது அவர்கள் கைக்கு எட்டவில்லை. துறவிக்கு வெட்டிய கல் மலையில் இருந்தது. புலவருக்குக் கொடுத்த காணம் செலவாகியிருக்கும். அதற்கு ஈடாக வந்த பாட்டு, மனப்பாடத்திலும் ஏட்டிலும் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தது. கருவூர்க் கதப்பிள்ளைச் சாத்தனார், கருவூர்க் கிழார், கருவூர்ப் பூதஞ்சாத்தனார், கருவூர்ப் பவுத்திரனார் என்று ஊர்ப்பெயரோடு வரும் புலவர்கள் ஒருவர் இருவர் இல்லை. இவர்களை வளர்த்ததுதான் அந்த அரச நகரின் மிகப் பெரிய கட்டுமானம் என்று நான் நினைக்கிறேன்.

ஆகவே, கரூருக்குப் போய்விட்டு அங்கே பார்க்க என்ன இருக்கிறது என்று கேட்கிறவர்களுக்கு என் விடை இது. ஒரு கையில் புறநானூற்றை எடுத்துக்கொள்ளுங்கள். காலையில் ஆறுநாட்டார் மலை ஏறி அந்தக் கற்படுக்கைகளைப் பாருங்கள். பிறகு கரூர் அரசு அருங்காட்சியகம் போங்கள். மாலையில் அமராவதிக் கரைக்கு வந்து, இளவெயினியையும் ஆலத்தூர் கிழாரையும் படியுங்கள். கோவையிலிருந்து ஒரு நாளில் போய்வரக்கூடிய தொலைவுதான்.

அந்தப் படுக்கைகளுக்கு இருக்கும் காவல் போதாது. தமிழகம் முழுவதும் தமிழி எழுத்துள்ள குன்றுகளில் கல் உடைப்பும், பெயின்ட்டில் பெயர் கிறுக்குவதும், எழுத்தின் மேல் ஆணியால் கீறுவதும் நடந்திருக்கின்றன. இரண்டாயிரம் ஆண்டு மழையைத் தாங்கிய வரி ஒரு மாலைநேர விளையாட்டில் சிதைந்துவிடும். அமராவதியின் கதையும் இதுதான். மணலைச் சலித்துக் காசு பொறுக்கி விற்றவர்களின் கையிலிருந்துதான் சேரர் வரலாற்றின் பெரும்பகுதி நமக்கு வந்தது. காசு வந்தது, அது எந்த அடுக்கில், எதன் பக்கத்தில் கிடந்தது என்ற செய்தி வரவில்லை. மணலோடு மணலாக லாரியில் போனது எவ்வளவோ. கரூரில் வீடு கட்டக் கடைக்கால் தோண்டும்போது பழைய ஓடோ செங்கல்லோ வந்தால், மூடிவிடாமல் அருங்காட்சியகத்துக்குச் சொல்லுங்கள். தோண்டும் ஒவ்வொரு குழியும் வஞ்சிக்குள் இறங்கும் ஒரு வழி. பள்ளிகள் தம் மாணவர்களை ஆண்டுக்கு ஒருமுறை அந்தக் குன்றுக்கு அழைத்துப் போகட்டும். இளங்கோ ஒருவனின் பட்டம் எந்த எழுத்தில் பதிவானதோ, அந்த எழுத்தைப் பிள்ளைகள் ஒரு மணி நேரத்தில் கூட்டிப் படிக்கக் கற்றுக்கொள்வார்கள். படிக்கத் தெரிந்தவன் அதன் மேல் கிறுக்க மாட்டான்.

பெருஞ்சேரல் இரும்பொறையைப் புலவருக்குச் சாமரம் வீசியவனாக இந்த இதழில் பார்த்தோம். அவனே ஒரு கோட்டையைத் தரைமட்டமாக்கியவன். அந்தக் கோட்டைக்குள் இருந்தவன், ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த அதியமானின் குடியினன். கொடுப்பதில் ஒருவருக்கொருவர் சளைக்காத இரண்டு குடிகள் ஏன் மோதின? அடுத்த இதழில் தகடூர்.

(தொடரும்)